ஹம்பிரி ஜென்னிங்ஸ்

ஹம்பிரி ஜென்னிங்ஸ் (ஆகஸ்ட் 19, 1907 - செப்டெம்பர் 24, 1950) ஒரு பிரித்தானிய ஆவணத் திரைப்பட இயக்குனர் ஆவார். இரண்டாம் உலகப் போரின்போது குண்டுவீச்சுக்கு உள்ளான மக்களின் அன்றாட வாழ்க்கையைப் படமாக்கியவர் என்ற வகையில் இவர் அறியப்படுகிறார்.

வாழ்க்கைக் குறிப்பு

இவர் இங்கிலாந்தின் சஃபோக் பகுதியிலுள்ள வால்பர்ஸ்விக் என்னும் கடற்கரை ஊரில் பிறந்தார். கேம்பிரிட்ஜின் பெம்புரோக் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் பயின்றார். ஓவியராகவும் கவிஞராகவும் விளங்கிய இவர், 1934 ஆம் ஆண்டில் அரசு அஞ்சல் துறையின் திரைப்படப் பிரிவில் இணைந்தார். சாதாரண மக்களின் நடைமுறை வாழ்வைப் பதிவு செய்வதற்கென 1937 இல் தொடங்கப்பட்ட மாஸ் ஒப்சர்வேஷன் அமைப்பின் நிறுவனர்களுள் இவரும் ஒருவர்.

போர்க்காலப் படங்கள்

அஞ்சல் துறைத் திரைப்படப் பிரிவு 1940 இல் தகவல் அமைச்சின் கீழ் கிரவுன் திரைப்படப் பிரிவு ஆனது. எனவே ஜென்னிங்ஸின் போர்க்காலப் படங்கள் அரசின் பரப்புரைப் படங்களே. எனினும் எதிரியை இகழ்வதைக் காட்டிலும், மக்கள் எவ்வாறு தொடர்ந்து வாழ்கின்றனர் என்பதைக் காட்டுவதிலேயே இவர் கருத்தூன்றினார்.

ஸ்டுவர்ட் மக்அலிஸ்டருடன் இணைந்து உருவாக்கிய "லிசின் டு பிரிட்டன்" (1942) படத்தில் விளக்கவுரை இல்லை. தொழிற்சாலை இரைச்சல், உணவுக்கூடப் பாட்டு, விமான ஒலி, தேசிய ஓவியக் கூடத்தில் மைரா ஹெஸ் வாசிக்கும் பியானோ ஆகியவையே படத்தை நடத்திச் செல்கின்றன. வெளிநாட்டுப் பார்வையாளருக்குப் புரியாது என்ற ஐயத்தால் பின்னர் ஒரு முன்னுரை சேர்க்கப்பட்டது.

1942 ஜூன் மாதம் செக் நாட்டின் லிடிட்சே கிராமத்தை நாசிகள் அழித்தனர். அதே கொடுமை வேல்ஸ் நாட்டில் நிகழ்ந்தால் எவ்வாறிருக்கும் என்று "த சைலண்ட் வில்லேஜ்" (1943) காட்டுகிறது. கும்கியெத் என்ற சுரங்கத் தொழிலாளர் கிராமத்தின் மக்களே இதில் நடித்தனர். படத்தில் முதலில் அவர்களது வேல்ஸ் மொழி தடை செய்யப்படுகிறது. இறுதியில் ஆண்கள் சுட்டுக் கொல்லப்படுகின்றனர்.

உண்மையும் மீளுருவாக்கமும்

"ஃபயர்ஸ் வேர் ஸ்டார்ட்டட்" (1943) படத்தில் நடித்தவர்கள் உண்மையான தீயணைப்பு வீரர்கள். ஆனால் லண்டன் மீதான பெரும் குண்டுவீச்சு 1941 இலேயே ஓய்ந்துவிட்டதால், தீ படத்துக்காக மூட்டப்பட்டது. இத்தகைய படத்தை ஆவணப்படம் எனக் கொள்ளலாமா என்பது விவாதத்துக்குரியது. நிகழ்வு மீளுருவாக்கப்பட்டதாயினும், வேலையும் அதனைச் செய்த மனிதரும் உண்மையானவர்கள் என்பதே இப்படத்தின் வலிமை.

மறைவு

1950 இல் கிரேக்கத்தின் போரோஸ் தீவில் புதிய படமொன்றுக்கு இடம் தேடியபோது, பாறையிலிருந்து தவறி விழுந்து தமது 43 ஆவது வயதில் காலமானார். தொழிற்புரட்சி பற்றி இவர் திரட்டிய குறிப்புகள் "பான்டமோனியம்" என்ற நூலாக 1985 இல் வெளிவந்தன.

முக்கிய திரைப்படங்கள்

- ஸ்பேர் டைம் (1939)
- லண்டன் கேன் டேக் இட்! (1940, ஹரி வாட்டுடன்)
- லிசின் டு பிரிட்டன் (1942)
- ஃபயர்ஸ் வேர் ஸ்டார்ட்டட் (1943)
- த சைலண்ட் வில்லேஜ் (1943)
- எ டயரி ஃபார் டிமத்தி (1945)