மந்தரையாக வந்த லலிதா பவார்

1987-ல் ஞாயிறு காலைகளில் தூர்தர்ஷனில் ராமானந்த் சாகரின் ராமாயணம் பார்த்த நம் அங்கத்தினர்கள், எந்த ஊரில் இருந்தாலும், அந்தக் கூனியை மறந்திருக்க மாட்டார்கள். சுருங்கிய இடது கண்ணோடு கைகேயியின் அருகில் வந்து நின்றாலே எனக்கு வயிற்றில் புளியைக் கரைக்கும். அந்தக் கண் வேஷமல்ல.

லலிதா பவார் 1916-ல் நாசிக் ஜில்லாவில், பட்டுப் புடவைக்குப் பேர்போன யேவலாவில் பிறந்தவர். இயற்பெயர் அம்பா. மௌனப் படக் காலத்திலேயே சிறுமியாக நடிக்க வந்து, கதாநாயகியாகவும் உயர்ந்தார். 1942-ல் ஒரு காட்சிக்காக சக நடிகர் பகவான் கொடுத்த அறை பலமாக விழுந்துவிட்டது. முகத்தில் வாதம் கண்டது. சுமார் மூன்று வருஷ சிகிச்சைக்குப் பிறகும் இடது கண் சரியாகவில்லை. கதாநாயகி வேஷம் அத்துடன் போயிற்று. அறை விழுந்தபோது வயது இருபத்தாறுதான்!

வேறொருவர் என்றால் வீட்டோடு இருந்திருப்பார். இவரோ அந்தக் கண்ணையே முதலாக வைத்துக்கொண்டு, கொடுமைக்கார மாமியாராகப் படத்துக்குப் படம் மருமகள்களை நடுங்க வைத்தார். மாமியார் என்றாலே லலிதா பவார் என்று வடக்கே பேச்சாகிவிட்டது.

ஆனால் எனக்குப் பிடித்தவர் 'அனாரி' (1959) படத்தின் வீட்டுக்காரி திருமதி டிசாதான். வாய் நிறைய சிடுசிடுப்பு, மனம் நிறைய ராஜ்கபூரிடம் தாய்ப்பாசம். மிரட்டிய அதே கண் இங்கே கனிந்து நிற்கும். சிறந்த துணை நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் விருது இதற்குத்தான் கிடைத்தது. 'ஸ்ரீ 420'-ல் வாழைப்பழம் விற்கும் கிழவியும் இந்த ரகமே. 1961-ல் சங்கீத நாடக அகாடமி விருதும் வந்தது.

எழுபதைத் தாண்டிய பிறகு ஏற்றதுதான் மந்தரை வேஷம். 1998 பிப்ரவரி 24 அன்று புனேயில் காலமானார்.