குஞ்ஞாலி மரைக்காயர்: வாக்கை நம்பிய கடல் தளபதி

2021-ல் வந்த மோகன்லால் படம் 'மரைக்காயர்' பார்த்திருக்கீங்களா? அதன் நாயகன் கற்பனை ஆள் இல்லை. உண்மையிலேயே வாழ்ந்த நான்காம் குஞ்ஞாலி மரைக்காயர்.

நம்ம ஆவூர்ல இருந்து பார்த்தா கடல் தூரம்தான். ஆனா நம்ம மாவட்டத்தின் கிழக்கு ஓரமே கடற்கரை. அதிலிருந்து தெற்கே, மண்டபம் பக்கத்து வேதாளையில் 1538-லேயே மரைக்காயர் படை போர்ச்சுக்கீசியரோடு மோதியிருக்கு.

'குஞ்ஞாலி' என்பது கோழிக்கோட்டு மன்னர் சாமூதிரி தன் கடற்படைத் தளபதிக்குக் கொடுத்த பட்டம். நாலு பேர் அதை வகித்தார்கள். அப்போ போர்ச்சுக்கீசியரின் அனுமதிச் சீட்டு இல்லாமல் கடலில் போகும் கப்பலுக்குப் பாதுகாப்பே இல்லை. மரைக்காயர்கள் இதை எப்படி எதிர்த்தாங்க தெரியுமா? துடுப்பு போடும் சின்னப் படகுகளால்! காற்று நின்னா பெரிய பாய்மரக் கப்பல் அசையாது. படகுகள் பாய்ந்து தாக்கிவிட்டு, ஆழமில்லாத ஆற்று முகத்துவாரத்துக்குள் மறைஞ்சிடும்.

நான்காமவர் 1595-ல் பதவிக்கு வந்தார். வடகரை அருகே புதுப்பட்டணத்தில் மாமா கட்டிய கோட்டையைப் பலப்படுத்தினார். புகழ் வளர்ந்தது. கடலுக்கு அதிபதி என்று தன்னையே அழைத்துக்கொண்டார். சாமூதிரி இதைத் துரோகமாகப் பார்த்தார். விளைவு? நூறு வருஷப் பகையாளியான போர்ச்சுக்கீசியரோடு அவரே கைகோத்தார்.

1599-ல் இருவரும் சேர்ந்து தாக்கினார்கள். சமிக்ஞை நேரம் தவறியது. திட்டமே குழம்பி, போர்ச்சுக்கீசியர் பலரை இழந்து திரும்பினார்கள். அடுத்த வருஷம் கடலையும் கரையையும் அடைத்து முற்றுகை. கோட்டைக்குள் உணவு தீர்ந்தது. உயிருக்கு ஆபத்து வராது என்ற வாக்கை நம்பி, 1600 மார்ச்சில் குஞ்ஞாலி வெளியே வந்து தன் வாளைச் சாமூதிரியிடம் ஒப்படைத்தார். அந்த இடத்திலேயே போர்ச்சுக்கீசியர் அவரைப் பிடித்துக்கொண்டார்கள். சாமூதிரியின் நாயர் வீரர்களே கொதித்தும் பலனில்லை. கோவாவில் தலை வெட்டப்பட்டது. அந்தத் தலையைக் கண்ணூரில் காட்சிக்கு வைத்தார்கள்.

யோசிச்சுப் பாருங்க: எதிரியின் பீரங்கியால் மட்டும் முடியாததை, உள்வீட்டுச் சண்டை முடிச்சு வெச்சது. குஞ்ஞாலியின் கர்வம் ஒரு பக்கம், மன்னரின் கோபம் ஒரு பக்கம். லாபம் மூணாவது ஆளுக்கு.

இன்னிக்கு மும்பையில் நம் கடற்படைத் தளம் ஒன்றுக்குப் பெயர் 'ஐ.என்.எஸ். குஞ்ஞாலி'. கோழிக்கோடு பக்கம் டூர் போனா, இரிங்கலில் இருக்கும் அவர் நினைவு அருங்காட்சியகத்தையும் பார்த்துட்டு வாங்க!