ஊமைத் திரையில் அரிச்சந்திரன்

அரிச்சந்திரன் கதையை அறியாத தமிழர் அரியர். வீரகவிராயர் புராணமாகப் பாடியதும், நடிகமணி வைரமுத்து மயான காண்டத்தில் நடித்துக் காட்டியதும் அக்கதையே. கொழும்பில் மாணவர்க்கு அப்புராணத்தைப் பயிற்றும்போதெல்லாம், அதனைச் சொல்லின்றித் திரையிற் காட்டிய தாதாசாகேப் பால்கேயின் வாழ்வும் என் நினைவுக்கு வருவதுண்டு.

1870 ஏப்ரல் 30இல் நாசிக்கை அடுத்த திரியம்பகத்திற் பிறந்த பால்கே, ஓவியமும் ஒளிப்படமும் அச்சுக்கலையும் பயின்றவர். பங்காளரோடு மாறுபட்டு அச்சகத்தை விட்டு விலகிய வறுமைக் காலத்தில், இயேசுநாதர் வரலாற்றைக் கூறும் ஊமைப்படமொன்றைப் பம்பாயிற் கண்டார். இராமனும் கண்ணனும் இவ்வாறே திரையில் தோன்றும் நாள் வாராதோ என ஏங்கினார்.

அவ்வேக்கமே தவமாயிற்று. ஓய்வின்றிப் படம் பார்த்துப் பயின்றதனாற் கண்ணொளி குன்றிற்று, மருத்துவத்தால் மீண்டது. ஆயுட்காப்புறுதிப் பத்திரத்தை ஈடுவைத்து, 1912இல் இலண்டன் சென்று படக்கருவி வாங்கி வந்தார். மனைவியார் சரசுவதி தம் அணிகலன்களைக் கொடுத்துதவினார். நடிகர் அனைவர்க்கும் சமைத்தவரும், இரவிற் படச்சுருளின் ஓரத்தில் துளையிட்டவரும் அவரே. கதையில் அரிச்சந்திரன் மனைவியை விற்றான். இவ்வில்லத்தில் மனைவி தம் பொன்னை ஈந்தார்.

சந்திரமதியாக நடிக்கப் பெண்ணெவரும் இசையாமையால், உணவுச்சாலையிற் பணிபுரிந்த சாளுங்கே என்னும் இளைஞர் அவ்வேடம் புனைந்தார். மைந்தனாக நடித்தவன் பால்கேயின் மகனே. 1913 மே 3இல் பம்பாய் கொரனேஷன் அரங்கிற் படம் வெளியாயிற்று. பேச்சில்லை, இடையிடையே எழுத்துக்கள் மட்டுமே தோன்றின. எனினும் எழுத்தறியாத ஏழைக்கும் கதை விளங்கிற்று. அது முன்னமே அவன் நெஞ்சில் இருந்ததன்றோ?

1917இல் அவர் எடுத்த இலங்கா தகனம் பெரும்பொருள் ஈட்டியது. பின்னர்க் கூட்டுக் கம்பனியொன்றிற் சேர்ந்து, பங்காளரோடு இசையாது விலகி, மீண்டும் சேர்ந்தார். 1931இல் இந்தியத் திரை பேசத் தொடங்கியபின் அவர் கலைக்கு இடம் சுருங்கிற்று. 1937இல் வெளிவந்த கங்காவதரணமே அவரது இறுதிப் படம். 1944 பெப்ரவரி 16இல், திரையுலகம் ஏறக்குறைய மறந்துவிட்ட நிலையில், நாசிக்கிற் காலமானார். இந்திய அரசு அவர் பெயரால் விருது வழங்கத் தொடங்கியது 1969இல்.

அரிச்சந்திரன் இழந்த நாட்டையும் மைந்தனையும் கதை முடியுமுன் மீளப் பெற்றான். பால்கேக்கு வந்த பெருமையோ அவர் மறைந்து 25 ஆண்டுகள் கழிந்தபின் வந்தது. வாய்மை வழி நின்றார்க்கு இழந்தன யாவும் மீளுமோ என மாணவர் என்னை வினவுவர். யான் புராணத்தை மட்டும் காட்டி விடையிறுப்பதில்லை. பால்கேயின் வாழ்வையும் உடன் கூறுவேன். பொன்னை ஈந்த அம்மையாரின் பெயரையும் தவறாது கூறுவேன். விருதினை அறிந்தாருள்ளும் அப்பெயரை அறிந்தார் சிலரே.