கருவிக்கும் மனிதனுக்கும் இடையே ஒரு சொல்: விபுலாநந்த அடிகள் விட்டுச் சென்ற பணி

நிலாக்காலங்களில் கல்லடிப் பாலத்தருகே தோணியை நிறுத்தி, துடுப்பின் ஒரு முனையை நீருக்குள் அமிழ்த்தி, மறுமுனையில் காதை வைத்து வாவியின் இசையைக் கேட்பது மட்டக்களப்பு மக்களின் பழைய வழக்கமாகும். தோணி வலிப்பதற்கென்று செய்யப்பட்ட துடுப்பு அவ்வேளையில் செவியின் நீட்சியாகி விடுகிறது. கருவி மனிதனுக்கு இசைந்து கொடுக்க வேண்டும் என்பதற்கு இதைவிட எளிய உதாரணம் தேவையில்லை. அந்த வாவி இசையைக் கவிதையிலே பாடிய விபுலாநந்த அடிகளாரின் வாழ்வையும் இந்தக் கோணத்தில் நின்று நோக்குவது பயனுள்ளதாகும்.

1892 ஆம் ஆண்டு மார்ச் 27 ஆம் திகதி காரைதீவில் பிறந்தவர் மயில்வாகனம். வடக்கே மாளிகைக்காடு, சாய்ந்தமருது, தெற்கே நிந்தவூர் என முஸ்லிம் ஊர்கள் சூழ்ந்த கிராமம் அது. கல்முனையிலும் மட்டக்களப்பு புனித மிக்கேல் கல்லூரியிலும் கற்ற அவர், கொழும்பில் ஆசிரியப் பயிற்சியும் தொழில்நுட்பக் கல்லூரியில் விஞ்ஞானக் கல்வியும் பெற்றார். 1916 இல் மதுரைத் தமிழ்ச் சங்கத்தின் பண்டிதர் பரீட்சையிலும், 1920 இல் இலண்டன் பல்கலைக்கழகத்தின் விஞ்ஞானப் பட்டப் பரீட்சையிலும் தேறினார். இலக்கணமும் பௌதிகவியலும் ஒருவரிடத்தே குடிகொண்டமை அக்காலத்தில் அரிதான நிகழ்வாகும். பிற்காலத்தில் அவர் ஆற்றிய இரு பெரும் பணிகளுக்கும் இந்த இணைப்பே வித்தாயிற்று.

1922 இல் சென்னை இராமகிருஷ்ண மடத்தை அடைந்து, 1924 இல் துறவு பூண்டு விபுலாநந்தரானார். துறவு அவரை மக்களிடமிருந்து பிரித்துவிடவில்லை. தாயகம் திரும்பி இராமகிருஷ்ண மிஷன் பாடசாலைகளின் பொறுப்பை ஏற்றார். 1929 இல் கல்லடி உப்போடையில் சிவானந்த வித்தியாலயம் எழுந்தது. 1931 இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதலாவது தமிழ்ப் பேராசிரியராகவும், 1943 இல் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் முதலாவது தமிழ்ப் பேராசிரியராகவும் பணியேற்றார்.

அவருடைய முதற் பெரும்பணி கலைச்சொல்லாக்கம். விஞ்ஞானத்தைத் தமிழில் கற்பிக்க முடியுமா என்ற ஐயம் கற்றவரிடையே நிலவிய காலம் அது. சென்னையில் அமைந்த சொல்லாக்க முயற்சியில் முன்னின்று உழைத்த அடிகளார், 1936 இல் கூடிய மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். கணிதம், பௌதிகவியல், இரசாயனவியல், தாவரவியல் முதலிய துறைகளுக்கான ஏறத்தாழ பத்தாயிரம் சொற்கள் 1938 இல் நூலாக வெளிவந்தன. வடமொழியா தனித்தமிழா என்ற சர்ச்சை சூடாக இருந்த வேளையிலும், கிராமத்துப் பாடசாலையில் முதன்முதலாக அச்சொல்லைக் கேட்கும் மாணவனுக்கு அது விளங்குமா என்பதே தீர்க்கப்பட வேண்டிய வினாவாக இருந்தது. விஞ்ஞானம் வகுப்பறையில் கற்பித்தவருக்கு அவ்வினாவின் கனம் தெரியும்.

இரண்டாவது பணி யாழ் நூல். சிலப்பதிகாரத்தில் ஒலித்த யாழ் தமிழர் கையிலிருந்து மறைந்து பல நூற்றாண்டுகள் கடந்திருந்தன. எஞ்சியவை சொற்களே. அச்சொற்களைத் துருவி, நரம்பின் நீளத்துக்கும் சுருதிக்கும் உள்ள தொடர்பைக் கணக்கிட்டு, வில்யாழ், பேரியாழ், மகரயாழ், சகோடயாழ், செங்கோட்டியாழ் ஆகியவற்றின் அமைப்பை அவர் ஆராய்ந்தார். விரலும் நரம்பும் சந்திக்கும் இடத்திலேதான் இசை பிறக்கிறது. அச்சந்திப்புப் பிழைத்தால் கருவி வெறும் மரமே. நீண்ட கால உழைப்பின் பயனாகிய அந்நூல் 1947 ஜூன் மாதத்தில் திருக்கொள்ளம்பூதூரில் அரங்கேறியது. அடுத்த மாதம், ஜூலை 19 ஆம் திகதி, அடிகளார் மறைந்தார். அவரது பூதவுடல் சிவானந்த வித்தியாலய வளவிலே அடக்கம் செய்யப்பட்டது.

அவர் மறைவதற்கு முந்திய ஆண்டில், 1946 இல், அமெரிக்காவில் எனியாக் என்னும் மின்னணுக் கணனி உலகுக்குக் காட்டப்பட்டது. ஒரு மண்டபத்தையே அடைத்து நின்ற அந்த இயந்திரத்தை வல்லுநர் சிலரே இயக்க முடிந்தது. இன்றோ அதனினும் ஆற்றல் மிக்க கருவி மீன் விற்பவரின் சட்டைப் பையில் இருக்கிறது. இயந்திரத்துக்கும் மனிதனுக்கும் இடையிலான உறவை வடிவமைப்பது தனியொரு துறையாக வளர்ந்துள்ளது. தமிழுக்கு அத்துறை புதிதன்று. யாழ்ப்பாணம் சுண்டுக்குளியில் பிறந்து சிங்கப்பூரில் வாழ்ந்த ஆர். முத்தையா, 247 எழுத்துகளைச் சிறியதொரு தட்டச்சு இயந்திரத்துக்குள் அடக்க நகராத விசைகளைக் கையாண்டபோதே அப்பணி தொடங்கிவிட்டது.

ஆயினும் இன்றைய நிலை யாது? ஆரையம்பதியிலிருந்தோ ஏறாவூரிலிருந்தோ வரும் முதியவர் ஒருவர் வங்கி இயந்திரத்தின் முன் நிற்பதை எண்ணிப் பாருங்கள். ஆங்கிலச் சொல்லின் அளவுக்கு வெட்டப்பட்ட பெட்டிக்குள் தமிழ்த் தொடர் அடங்காமல் அறுந்து நிற்கும். தமிழிலோ வினை இறுதியிலேதான் வரும். செய்க என்பதா செய்யற்க என்பதா என்பதைச் சொல்லும் பகுதியே அறுந்துபோனால் அவர் எதை அழுத்துவார்? சேமி என்று ஒரு திரையும் சேமிக்கவும் என்று மற்றொரு திரையும் சொல்கின்றன. முன்னது மனிதன் இயந்திரத்துக்கு இடும் கட்டளை. பின்னது இயந்திரம் மனிதனிடம் விடுக்கும் வேண்டுகோள். எது பொருந்தும் என்று அமர்ந்து சிந்தித்தவர் எத்தனை பேர்?

முஸ்லிம் மக்களுக்கு இன்னுமோர் இடர்ப்பாடு உண்டு. ஒரே பெயர் ஓர் ஆவணத்தில் முகம்மது என்றும், இன்னொன்றில் முஹம்மத் என்றும், வேறொன்றில் மொஹமட் என்றும் பதிவாகிறது. மனிதக் கண்ணுக்கு இவை ஒருவரே. எழுத்துக்கு எழுத்து ஒப்பிடும் கணனிக்கோ மூவர். அப்பெயர்களுக்கு வேண்டிய ஹ, ஸ, ஜ முதலிய எழுத்துகள் 1999 இல் உருவான தமிழ்99 விசைப்பலகையில் மாற்று விசையின் பின்னால் உள்ளன. பெயர் பொருந்தவில்லை என்று கூறித் திருப்பி அனுப்பப்படுபவரின் ஒருநாள் கூலியும் பேருந்துக் கட்டணமும் எந்தக் கணக்கிலும் பதியப்படுவதில்லை.

1987 இல் நிறைவேறிய பதின்மூன்றாவது திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. அவ்வுரிமை இன்று வாசிக்கப்படும் இடங்களுள் முக்கியமானது திரையே. ஆங்கிலத்திலோ சிங்களத்திலோ முழுவதும் வடிவமைத்த பின்னர் இறுதி நாளில் தமிழை ஒட்டுவது மொழிபெயர்ப்பாகலாம், வடிவமைப்பாகாது. தமிழாசிரியரும் மென்பொருள் வல்லுநரும் ஒரே மேசையில் அமர வேண்டும். அவர்கள் ஆக்கும் திரையை வாவிக்கரை விவசாயியும் காத்தான்குடி வியாபாரியும் தொட்டுப் பார்த்துத் தடுமாறும் இடங்களைச் சொல்ல வேண்டும். கிழக்கின் பல்கலைக்கழகங்கள் இதற்கு முன்வருவதில் தடையேதும் இருப்பதாகத் தெரியவில்லை.

சிலை வைப்பதும் ஆண்டுதோறும் மாலை சூட்டுவதும் அடிகளாருக்கு நாம் ஏற்கெனவே செய்து வரும் மரியாதைகள். பத்தாயிரம் சொற்களை ஆக்கித் தந்தவருக்கு நாம் இன்னும் செய்யாத மரியாதை ஒன்று உண்டு. அவர் பிறந்த மண்ணின் மக்கள் பிறர் உதவியை நாடாமல் தாமே படித்து, தாமே விசையை அழுத்தத்தக்க திரையை ஆக்கிக் கொடுப்பதே அது.