காட்டைத் தேடிப் போன மா. கிருஷ்ணன்

தஞ்சோங் ரம்புத்தானிலிருந்து கிழக்கே பார்த்தால் மலைத்தொடர் தெரியும். தோட்டங்களில் மரம் சீவிய நம் தாத்தா பாட்டிமாருக்குக் காடு என்றால் புலி, மலேரியா, வேலை. அந்தத் தனிமை அவர்கள் கேட்டு வாங்கியதன்று. அதே தனிமையை விரும்பித் தேடிப் போன தமிழர் ஒருவர் உண்டு. அவர் மா. கிருஷ்ணன்.

‘பத்மாவதி சரித்திரம்’ எழுதிய அ. மாதவையாவின் எட்டுப் பிள்ளைகளில் கடைக்குட்டியாக 1912-இல் பிறந்தார். 13 வயதில் தந்தையை இழந்தார். சென்னையில் தாவரவியலும் பிறகு சட்டமும் படித்தார். நிலையான வேலைதான் அமையவில்லை.

1942-இல் பெல்லாரிக்கு அருகிலுள்ள சண்டூர் சமஸ்தானத்தில் வேலை கிடைத்தது. மனைவியின் உடல்நலத்துக்கும் வறண்ட காற்று தேவைப்பட்டது. அங்கே ஆசிரியர், நீதிபதி, மன்னரின் செயலாளர் எனப் பல பதவிகள் வகித்தார். என்றாலும் அந்த ஏழு ஆண்டுகளில் அவரை எழுத்தாளராக்கியது அரண்மனை அன்று, அதைச் சுற்றியிருந்த குன்றுகளே. ஆடு மேய்த்துப் பார்த்தார், புறா வளர்த்தார், காட்டில் அலைந்தார். இலக்கியக் குடும்பத்தில் பிறந்தவருக்குச் சொல் வீட்டிலேயே கிடைத்திருக்கும். ஒரு பறவை அசையும் வரை வாய் திறவாமல் உட்கார்ந்திருக்கும் பொறுமையை வீடு கற்றுத் தராது. கண்ணால் பார்த்ததை மட்டும் எழுதுவது என்ற கண்டிப்பு அந்த மௌனத்தில் பிறந்தது என்றே நான் நினைக்கிறேன்.

1949-இல் சண்டூர் இந்திய ஒன்றியத்தோடு இணைந்தது. அரசாங்க வேலையை நாடாமல் அவர் சென்னைக்குத் திரும்பி எழுத்தையே பிழைப்பாக்கிக் கொண்டார். மூன்று வேளைச் சோற்றுக்கு உறுதியில்லாத துணிச்சல் அது! 1950-இல் கல்கத்தா ‘ஸ்டேட்ஸ்மேன்’ இதழில் தொடங்கிய இயற்கைப் பத்தியை, 1996 பிப்ரவரியில் இறக்கும் வரை 46 ஆண்டுகள் எழுதினார். உதிரி பாகங்களைப் பொருத்தித் தாமே அமைத்த கேமராவைச் சுமந்துகொண்டு முதுமலையில் யானைகளைக் கறுப்பு வெள்ளையில் படமெடுத்தார். 1970-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார்.

பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுதினார் என்பது நமக்குக் குறைதான். தமிழில் எழுதிய கட்டுரைகளைத் தியடோர் பாஸ்கரன் தொகுக்க, ‘மழைக்காலமும் குயிலோசையும்’ என்ற நூல் 2002-இல் வந்தது. கிடைத்தால் விடாதீர்கள்.

மண்ணுக்குரிய மரங்களை விட்டுவிட்டு அயல்நாட்டு மரங்களை நடுவதை அவர் கடுமையாக எதிர்த்தார். இதைப் படித்தபோது எனக்கு நம்மூர்தான் நினைவுக்கு வந்தது. தஞ்சோங் ரம்புத்தான் என்ற பெயரில் இருப்பது இந்த மண்ணின் பழமரம். நம் தாத்தாமார் காடழித்து நட்டதோ பிரேசிலிலிருந்து வந்த மரம்.