கவாலாவின் புகையிலை வியாபாரி

மிஸ்ரு தேசத்தை 1805-ஆம் ஆண்டு முதல் 43 ஆண்டுகள் ஆண்ட முஹம்மது அலீ பாஷாவின் பெயரை அறியாதவர் நம்மில் சிலரே இருப்பர். நவீன மிஸ்ரின் தந்தை என்று சரித்திர நூல்கள் அவரைப் போற்றுகின்றன. படை நடத்தியவர், ஸுல்தானையே நடுங்க வைத்தவர் என்று பலவாறாக அவரைப் பற்றிப் படித்திருக்கிறோம். ஆனால் ஆதியில் அவர் ஒரு வியாபாரி என்பதை மட்டும் எளிதில் மறந்து விடுகிறோம். கடை வைத்துப் பிழைக்கும் நாம் அவருடைய வரலாற்றை அந்தப் பக்கத்திலிருந்து பார்ப்பதே பொருத்தம் என்று கருதுகிறோம்.

இன்று கிரேக்க நாட்டைச் சேர்ந்த கவாலா என்னும் துறைமுகம் அந்நாளில் உதுமானிய ஆட்சியில் இருந்தது. அங்கே 1769-ல் பிறந்தார் என்பர். சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். அந்த வட்டாரத்தின் பேர்போன சரக்கு புகையிலை. அதை வாங்கி விற்றுப் பிழைத்தார். எழுதப் படிக்கக் கற்றதோ நாற்பது வயதைக் கடந்த பிறகுதான்!

1798-ல் நெப்போலியன் மிஸ்ரைப் பிடித்தான். அவனுடைய படையை வெளியேற்ற 1801-ல் ஸுல்தான் அனுப்பிய சேனையில், கவாலாவிலிருந்து சென்ற 300 பேர் கொண்ட சிறு படைக்கு இவர் துணைத் தலைவர். பிரெஞ்சுக்காரர் போனார்கள், அமைதி வரவில்லை. துருக்கிக் கவர்னர் ஒரு பக்கம், மம்லூக் பிரபுக்கள் ஒரு பக்கம், சம்பளம் கிடைக்காத சிப்பாய்கள் ஒரு பக்கமாகக் காஹிரா நகரத்தைப் பிய்த்துத் தின்றார்கள். மாறி மாறி வரி வசூலித்ததில் கடைத்தெருவே சலித்துப் போயிற்று. கடைசியில் 1805-ல் உமர் மக்ரம் என்னும் பெரியாரின் தலைமையில் உலமாக்களும் வர்த்தகர்களும் கைத்தொழிலாளரும் திரண்டெழுந்து, குர்ஷீத் பாஷாவைத் தள்ளிவிட்டு முஹம்மது அலீயைக் கவர்னராக ஏற்றார்கள். ஸுல்தானும் வேறு வழியின்றி இசைந்தார். ஆகவே இவரைப் பதவியில் அமர்த்திய கைகளில் வியாபாரிகளின் கைகளும் இருந்தன. இதை நேயர்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

நான்கே ஆண்டுகளில், புது வரிகளை எதிர்த்தார் என்பதற்காக அதே உமர் மக்ரம் திமியாத் நகருக்கு நாடு கடத்தப்பட்டார். 1811 மார்ச் முதல் தேதி, ஒரு விழாவுக்கென்று கோட்டைக்கு அழைக்கப்பட்ட மம்லூக் பிரபுக்கள் நூற்றுக்கணக்கில் வாயில் அடைக்கப்பட்டுக் கொல்லப்பட்டனர். விருந்தாளியாக வந்தவனைக் கொல்வதை வீரம் என்று எழுதுவோரும் உண்டு. நமக்கு அதில் உடன்பாடு இல்லை.

இனி அவருடைய வியாபாரத்துக்கு வருவோம். ஸ்பெயினில் நெப்போலியனோடு போரிட்ட ஆங்கிலப் படைக்குத் தானியம் தேவைப்பட்டது. பாஷா மேல் மிஸ்ரின் கோதுமையைத் தாமே வளைத்துப் பிடித்து, மிகுந்த லாபத்துக்கு விற்றார். அந்த ருசி அவரை விடவில்லை. பிறகு அரிசி, சர்க்கரை, அவுரி என்று ஒவ்வொரு சரக்காக அரசாங்கத்தின் ஏகபோகமாயிற்று. அவுரிச் சாகுபடிக்கு ஹிந்துஸ்தானத்திலிருந்தே ஆட்களைத் தருவித்தார். 1820-ஐ ஒட்டி ஜூமெல் என்ற பிரெஞ்சுக்காரர் கண்டு சொன்ன நீண்ட இழைப் பருத்தியைப் பயிரிடச் செய்ததும் பணம் வெள்ளமாக வந்தது. முறை இதுதான். எதைப் பயிரிடுவது என்பதை அரசாங்கம் சொல்லும்; விலையையும் அரசாங்கமே வைக்கும்; விளைந்ததை அரசாங்கக் கிட்டங்கியில் கொண்டுவந்து போடவேண்டும். குடியானவனுக்குச் சேரவேண்டிய தொகையில் வரிப் பாக்கியைக் கழித்துக்கொள்வார்கள். அதே பருத்தியை இஸ்கந்தரிய்யாவில் ஐரோப்பியக் கம்பெனிகளுக்குப் பன்மடங்கு விலைக்குத் தருவார்கள். போகோஸ் பே என்ற ஆர்மீனியர் இந்தப் பெரிய கடையின் மேனேஜர் போல இருந்தார். தேசம் முழுவதற்கும் ஒரே முதலாளி, ஒரே தராசு! நடுவில் நின்று வாங்கி விற்ற உள்ளூர் வியாபாரிக்கு வேலை இல்லாமற் போயிற்று.

அந்தப் பணத்தில் நடந்த நற்காரியங்களை மறைப்பது நியாயமாகாது. பூலாக்கில் அச்சுக்கூடம் ஏற்பட்டது. 1826-ல் 44 மாணவர்கள் பாரிஸுக்குப் போனார்கள். 1827-ல் வைத்தியக் கல்லூரி, பின்னர் மருத்துவச்சிகளுக்கென்றே ஒரு பள்ளி. அவர் ஆட்சி தொடங்கியபோது சில ஆயிரம் பேரே வாழ்ந்த இஸ்கந்தரிய்யா, அவர் இறப்பதற்குள் ஒரு லட்சம் பேர் கொண்ட பட்டணமாயிற்று. அந்தப் பட்டணத்தை நீல நதியோடு இணைத்த மஹ்மூதிய்யாக் கால்வாயை 1820-ல் வெட்டி முடித்தபோது, கட்டாய வேலைக்குப் பிடித்து வரப்பட்ட குடியானவர்களில் பல்லாயிரம் பேர் மடிந்திருந்தனர். பட்டாளத்துக்கு ஆள் பிடித்தபோது, தப்புவதற்காகத் தம் விரலைத் தாமே வெட்டிக்கொண்டவர்களும் உண்டு. பாஷாவின் ஆட்சியைக் கண்டித்து எழுதிய அப்துர் ரஹ்மான் அல்-ஜபர்தீயின் சரித்திரம் மிஸ்ரில் நெடுங்காலம் அச்சேற முடியவில்லை. 1880-ஐ ஒட்டி அது முழுமையாக வெளிவந்தது, பாஷா நிறுவிய அதே பூலாக் அச்சுக்கூடத்திலிருந்துதான்!

ஹிஜாஸ், ஸூடான், கிரேக்கம், ஷாம் என்று அவர் நடத்திய போர்கள் தனி நூலுக்கு உரியவை. 1832-ல் அவருடைய மகன் இப்ராஹீம் கோனியா வரை சென்று ஸுல்தானின் படையை முறித்தார் என்று மட்டும் சொல்லி மேலே செல்வோம். அவரை முறித்த ஆயுதமோ ஒரு வர்த்தக ஒப்பந்தம்.

1838 ஆகஸ்டில் பால்தா லிமானில் ஆங்கிலேயரும் ஸுல்தானும் கையெழுத்திட்டார்கள். உதுமானிய சாம்ராஜ்யம் எங்கும் ஏகபோகம் ஒழிய வேண்டும். ஆங்கில வியாபாரி இறக்குமதிக்கு எல்லாம் சேர்த்து நூற்றுக்கு 5 கட்டினால் போதும். உள்நாட்டு வியாபாரியோ ஊருக்கு ஊர் சுங்கம் கட்டியே சரக்கைக் கொண்டுபோக வேண்டியிருந்தது! பாஷா காலம் கடத்தினார். 1840-ல் ஆங்கிலக் கப்பல்கள் பைரூத்தையும் அக்காவையும் குண்டால் தகர்த்தன. 1841-ல் மிஸ்ரின் ஆட்சி அவர் பரம்பரைக்கு என்று உறுதியாயிற்று. ஆனால் சேனை 18,000 பேருக்கு மேற்படக் கூடாது, ஒப்பந்தமும் செல்லுபடியாகும்.

ஏகபோகத்தை உடைத்தவர்கள் குடியானவன்மீது இரக்கங்கொண்டு உடைக்கவில்லை. தங்கள் துணியை விற்கவும் பருத்தியை நேரே வாங்கவுமே உடைத்தார்கள். அந்த மட்டில் பாஷாவின்பால் நமக்கு அனுதாபம் உண்டு. ஆனால் கதவு திறந்தபோது அதனுள் நுழைய உள்ளூரில் முதலும் அனுபவமும் உள்ள வியாபாரிகள் எத்தனை பேர் மிஞ்சியிருந்தனர்? முப்பது ஆண்டுகளாக அவர்களை ஒடுக்கியவர் அவர்தாமே! பருத்தி வியாபாரம் பெரும்பாலும் கிரேக்கர், ஆங்கிலேயர் முதலான அந்நியக் கம்பெனிகளின் கைக்குப் போயிற்று. நூறாண்டு கழிந்தும் அது முழுவதும் மீளவில்லை. இந்த நஷ்டம் போர்க்களத்துத் தோல்வியைவிடப் பெரிது என்பது நமது எண்ணம்.

கடைசிக் காலத்தில் பாஷாவின் புத்தி தடுமாறிற்று. 1848-ல் ஆட்சி இப்ராஹீமிடம் வந்து, அவரும் சில மாதங்களில் காலமானார். தந்தைக்கு அதை உணரும் நிலை இல்லை. 1849 ஆகஸ்டு 2-ஆம் தேதி இஸ்கந்தரிய்யாவில் பாஷாவின் உயிர் பிரிந்தது. அவர் வெட்டிய அதே கால்வாய் வழியாக ஜனாஸா காஹிராவுக்கு வந்து, கோட்டையில் அவர் கட்டத் தொடங்கிய பள்ளிவாசலில் அடக்கமாயிற்று. பேரர் அப்பாஸுக்குப் பாட்டனார்மீது அவ்வளவு பிரியமில்லை. சடங்குகள் மிக எளிமையாக முடிந்தன. அந்நாளைய ஆங்கிலக் கான்சல் மர்ரே எழுதி வைத்த குறிப்பின்படி, அன்று அரசாங்க அலுவலகங்கள் மூடப்படவில்லை. கடைகளும் திறந்தே இருந்தன.