குமாரமங்கலத்து ஜமீன்தாரும் பன்னிரண்டு இடங்களும்

கெங்கவல்லி இ-சேவை மையத்திலே மகளுக்குச் சாதிச் சான்றிதழ் வேண்டி விண்ணப்பம் போட்டுவிட்டு நிற்கிறாரே ஒரு தொழிலாளித் தோழர், அவரைப் பார்த்து ஏளனம் பேசுவோர் இன்றும் உண்டு. இன்னுமா சாதிக்கு ஒரு காகிதம் என்பார்கள். திறமை இருந்தால் தானாக மேலே வரட்டுமே என்பார்கள். அந்தக் காகிதம் எப்படிப் பிறந்தது, அது பிறப்பதற்கு முன்பு சர்க்கார் அலுவலகம் யாருடைய வீடாக இருந்தது என்பதை அவர்கள் சொல்லமாட்டார்கள். நாம் சொல்லியாக வேண்டும். சொல்வதற்கு நாம் தொலைதூரம் போக வேண்டியதில்லை. பழைய சேலம் மாவட்டத்தின் கிழக்குக் கோடியிலே, பச்சைமலைச் சாரலை ஒட்டிக் கிடப்பது கெங்கவல்லி. அதே மாவட்டத்தின் மேற்கே, திருச்செங்கோட்டுச் சீமையிலே இருப்பது குமாரமங்கலம். அந்தக் குமாரமங்கலத்து ஜமீன்தார் ஒருவரின் வாழ்க்கையைத்தான் இன்று எடுத்துக்கொள்கிறோம். அவர் டாக்டர் ப. சுப்பராயன்.

ஜமீன்தாரின் கதை தொழிலாளிக்கு எதற்கு என்று தோழர்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பொறுத்துக் கேளுங்கள்.

1889ஆம் ஆண்டு செப்டம்பர் 11ஆம் நாள் பிறந்தவர் சுப்பராயன். சென்னையிலே படித்தார். பிறகு கப்பலேறி ஆக்ஸ்போர்டுக்குப் போனார். டப்ளின் பல்கலைக்கழகத்திலே சட்ட டாக்டர் பட்டம் பெற்றார். பண்ணையும் பணமும் பட்டமும் சேர்ந்த இடத்திலே ஆணவமும் குடியேறுவது அந்நாளைய வழக்கம். இவரோ சாதி கடந்து மணம் புரிந்துகொண்டார். மணந்த பெண்மணி ராதாபாய், மங்களூரிலே தாழ்த்தப்பட்ட மக்களுக்குப் பள்ளி திறந்த குத்முல் ரங்காராவின் மகள். சாரஸ்வத பிராமணக் குடும்பத்துப் பெண், கொங்கு வேளாளக் குடும்பத்து ஜமீன் வீட்டுக்கு மருமகளாக வந்தார். மேடையிலே சீர்திருத்தம் பேசிவிட்டு வீட்டிலே சாதிச் சடங்கு பார்க்கும் கூட்டத்திலே சேர்ந்தவரல்லர் சுப்பராயன். இதை முதலிலேயே குறித்துவைத்துக்கொள்வோம்.

அவர் அரசியலுக்கு வந்த காலத்திலே சென்னை மாகாணம் எப்படி இருந்தது? 1916 டிசம்பரில் வெளியான பார்ப்பனரல்லாதார் அறிக்கை ஒரு கணக்கை ஊரறியச் சொன்னது. மாகாணத்திலே நிரந்தர மாவட்ட முன்சீப்புகள் 128 பேர். அவர்களிலே பார்ப்பனர் 93 பேர். பார்ப்பனரல்லாத இந்துக்கள் 25 பேர். முஸ்லிம், கிறிஸ்தவர், ஐரோப்பியர், ஆங்கிலோ-இந்தியர் எல்லோருக்கும் சேர்த்து மிச்சம் 10. ஜனத்தொகையிலே நூற்றுக்கு நான்கு பேர்கூட இல்லாத ஒரு வகுப்பாருக்கு நூற்றுக்கு எழுபதுக்கு மேல் நாற்காலி! தாழ்த்தப்பட்டோருக்கு அந்தக் கணக்கிலே ஒரு வரிகூட இல்லை. வழக்குப் போட வந்தவன் ஒரு சாதி, கட்சிக்காரன் வேறொரு சாதி, தீர்ப்புச் சொல்ல மட்டும் என்றும் ஒரே சாதி என்றால் அதற்குப் பெயர் நீதிமன்றமா, குடும்பச் சொத்தா?

1920இல் நீதிக்கட்சி பதவிக்கு வந்தது. 1921, 1922 ஆண்டுகளிலே வகுப்புவாரி ஆணைகளைப் பிறப்பித்தது. நோக்கம் நல்ல நோக்கம். ஆனால் எத்தனையாவது இடம் யாருக்கு என்ற முறை அதிலே வகுக்கப்படவில்லை. எந்த வகுப்பிலே எத்தனை பேர் எடுக்கப்பட்டார்கள் என்று கணக்கு எழுதி மேலே அனுப்பச் சொன்னார்கள். இலாக்காத் தலைவர்களும் ஒழுங்காகக் கணக்கு எழுதி அனுப்பினார்கள். நாற்காலி மட்டும் நகரவில்லை! நல்லெண்ணத்தை நம்பி விடப்பட்ட ஆணைக்கு வேறென்ன கதி?

1926 தேர்தலிலே சுயராஜ்யக் கட்சி அதிக இடங்களைப் பிடித்தது. ஆனால் பதவி ஏற்க மறுத்துவிட்டது. கவர்னர் கோஷன் பிரபு சுயேச்சையான சுப்பராயனை அழைத்தார். அந்த டிசம்பரிலே அவர் முதல் மந்திரியானார். வயது முப்பத்தேழு. பின்னே கட்சி இல்லை. சைமன் கமிஷன் தகராறிலே 1928 மார்ச்சில் உடனிருந்த இரண்டு மந்திரிகளும் விலகினார்கள். நீதிக்கட்சியின் தயவிலே ஆட்சி நின்றது. அப்போது புதிதாக மந்திரியாக வந்தவர்களில் ஒருவர் எஸ். முத்தையா முதலியார்.

இந்த ஆட்டம் கண்ட மந்திரிசபைதான், உறுதியாக உட்கார்ந்திருந்த மந்திரிசபைகள் செய்யாததைச் செய்தது. 1927இல் உருவாகி, 1928இல் முத்தையா முதலியாரின் முயற்சியால் நடைமுறை கண்ட வகுப்புவாரி ஆணை பன்னிரண்டு இடங்களை எடுத்து வைத்து, இன்னின்ன இடம் இன்னின்னாருக்கு என்று பங்கு போட்டது. பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 5. பார்ப்பனருக்கு 2. முஸ்லிம்களுக்கு 2. ஆங்கிலோ-இந்தியரும் கிறிஸ்தவரும் சேர்ந்து 2. தாழ்த்தப்பட்டோருக்கு 1.

தோழர்களே, இந்தப் பங்கீட்டிலே யாருக்கும் கதவு அடைக்கப்படவில்லை என்பதைக் கவனியுங்கள். வகுப்புத் துவேஷம் என்று அன்று கூக்குரல் எழுப்பினார்களே, அவர்களுக்கும் பன்னிரண்டிலே இரண்டு இருந்தது. ஜனத்தொகைக் கணக்கிற்கு மேலாகவே இருந்தது. பறிபோனது அவர்களுடைய உரிமையன்று, ஏகபோகம்.

இன்னொன்றையும் கவனியுங்கள். முதல் இரண்டு ஆணைகளுக்கும் இதற்கும் உள்ள வேறுபாடு ஒன்றே ஒன்று: முறை. இந்த இடம் இவனுக்கு என்று எழுதியான பிறகு அதிகாரியின் மனம் கனிந்ததா, கல்லானதா என்ற கேள்வி எழவில்லை. நல்லவன் நாற்காலியிலே இருந்தாலும் அது நடக்கும். கெட்டவன் இருந்தாலும் நடந்தே தீரவேண்டும். அடுத்த ஆண்டே, 1929இல், சென்னை மாகாண சர்வீஸ் கமிஷனுக்கான சட்டம் வந்தது. இந்தியாவிலே மாகாணங்களில் முதலாவது அது. ஆள் பிடித்து, அண்ணனைப் பிடித்து, மாமனைப் பிடித்து உத்தியோகம் வாங்கிய காலத்திற்கு முதல் அடி அங்கே விழுந்தது. சர்க்கார் என்கிற பழைய கட்டடத்தை இடித்தா மாற்றினார்கள்? இல்லை. வாசலிலே ஒரு விதியை எழுதி வைத்தார்கள். உள்ளே நுழைகிறவன் மாறினான். கட்டடத்தின் குணமும் மெல்ல மாறியது.

அதே ஆட்சிக் காலத்தில்தான் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி சென்னை சட்டசபையின் துணைத் தலைவராக அமர்ந்தார். ராதாபாய் 1930இல் முதல் வட்டமேசை மாநாட்டிற்குப் போனார். பெண்களுக்காக அங்கே போன இருவரிலே அவர் ஒருவர்.

1930 அக்டோபரில் சுப்பராயன் பதவியை விட்டு இறங்கினார். இறங்கியபின் சும்மா இருந்தாரா? தாழ்த்தப்பட்ட மக்கள் கோயிலுக்குள் போக வழிசெய்யும் தீர்மானத்தை 1932 நவம்பரில் சட்டசபையிலே கொண்டுவந்தார். சட்டமாக்கவும் முயன்றார். 1933 ஜனவரியில் வைஸ்ராய் அனுமதி மறுத்துவிட்டார். உத்தியோகத்தின் கதவைத் திறந்த கை, கோயில் கதவிலே முட்டி நின்றது.

இனி, கசப்பான பக்கத்தையும் புரட்டத்தான் வேண்டும். பிறகு காங்கிரசிலே சேர்ந்த சுப்பராயன் 1937இல் ராஜாஜி மந்திரிசபையிலே கல்வி மந்திரியானார். 1938இல் கட்டாய இந்தி வந்தபோது கல்வி இலாக்கா இருந்தது அவர் கையிலே! நடராசனையும் தாளமுத்துவையும் சிறையிலே பலிகொண்ட போராட்டத்தின்போது அவர் இருந்தது எதிர்ப்பக்கத்திலே. பன்னிரண்டு இடங்களுக்காக அவரைப் பாராட்டுகிற நாம் இதை மூடி மறைத்தால் அது வரலாறு ஆகாது, விளம்பரம் ஆகிவிடும்.

ஆனால் கதை அங்கேயும் முடியவில்லை. 1955இல் கெர் தலைமையிலே அமைந்த ஆட்சிமொழிக் கமிஷனிலே அவர் உறுப்பினரானார். 1956இல் பெரும்பான்மையோர் இந்திக்கு வழிவகுத்து அறிக்கை எழுதியபோது, வங்கத்து அறிஞர் சுனீதி குமார் சட்டர்ஜியும் குமாரமங்கலத்து சுப்பராயனும் ஒப்பாமல் தனிக்குறிப்பு எழுதினார்கள். இந்தியைத் தாய்மொழியாகக் கொள்ளாதவன் மத்திய சர்க்கார் உத்தியோகத்திலே பின்தள்ளப்படுவான் என்ற அச்சம் அந்த எதிர்ப்பின் அடியிலே இருந்தது. சாதியின் பெயரால் அடைத்த கதவை 1928இல் திறந்தவர், மொழியின் பெயரால் அடைக்கப் பார்த்த கதவை 1956இல் தடுத்து நின்றார். இடையிலே 1938இல் சறுக்கினார். மனிதன் வாழ்க்கை கோடு போட்டது போலவா போகிறது?

அவர் போட்ட விதியின் வாழ்க்கையும் நேர்க்கோடாகப் போகவில்லை. ஐந்து இடம் பார்ப்பனரல்லாதாருக்கு என்றார்களே, அந்த ஐந்தையும் முன்னேறிய சாதியார் பெரிதும் எடுத்துக்கொண்டார்கள். பின்தங்கியவன் பின்னாலேயே நின்றான். அதனால் ஓமந்தூரார் ஆட்சியிலே, 1947இல், பன்னிரண்டு பதினான்காயிற்று. பின்தங்கிய இந்துக்களுக்கென்று தனியே 2 வந்தது. தாழ்த்தப்பட்டோரின் 1 இரண்டாயிற்று. அந்த மந்திரிசபையிலும் சுப்பராயன் இருந்தார்.

பிறகு வந்தது பேரிடி. கல்லூரி இடம் பற்றிய செண்பகம் துரைராசன் வழக்கிலும், முன்சீப் உத்தியோகம் பற்றிய வெங்கட்டரமணா வழக்கிலும், வகுப்புவாரி ஆணை செல்லாது என்று 1951 ஏப்ரல் 9ஆம் நாள் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. தமிழகம் கொதித்தது. பெரியார் கிளர்ச்சி நடத்தினார். அரசியல் சட்டம் பிறந்து ஒன்றரை ஆண்டுகூட ஆகாத நிலையிலே, 1951 ஜூனில், முதல் திருத்தம் வந்தது. கல்வியிலே பின்தங்கியவருக்குத் தனி ஏற்பாடு செய்யும் உரிமை சட்டத்திலே ஏறியது. ஆணை போயிற்று, கொள்கை நின்றது. அப்போது சுப்பராயன் இந்தோனேசியாவிலே தூதராக இருந்தார். அவர் இல்லாமலேயே அந்தக் கொள்கை காப்பாற்றப்பட்டது. நாம் சொல்ல வந்ததே இதுதான். ஒருவர் தரும் சலுகை அவரோடு போய்விடும். முறையாக எழுதப்பட்ட உரிமையைக் காப்பாற்ற மக்கள் வருவார்கள்.

சுப்பராயன் பிறகு மத்திய மந்திரியானார். மகாராஷ்டிரத்தின் கவர்னராக இருக்கையில் 1962 அக்டோபர் 6ஆம் நாள் மறைந்தார். அன்று விட்டுச்சென்ற பன்னிரண்டு இடங்கள் இன்று நூற்றுக்கு 69 என்று வளர்ந்திருக்கின்றன. 1928 பட்டியலிலே தனி வரியே இல்லாத மலைவாழ் மக்களுக்குப் பின்னாளிலே தனியே நூற்றுக்கு 1 வந்தது. கெங்கவல்லி தோழர்கள் தலைநிமிர்த்திப் பார்த்தால் தெரிகிற பச்சைமலையிலே பிறந்த பிள்ளைக்கும் ஒரு வரி கிடைத்தது. 2011 தேர்தலிலிருந்து கெங்கவல்லி சட்டமன்றத் தொகுதியே தாழ்த்தப்பட்டோருக்கான தனித்தொகுதி.

அப்படியானால் வேலை முடிந்ததா? இல்லை, தோழர்களே! பன்னிரண்டில் ஒன்று போதாது என்று 1947இல் கண்டோமல்லவா? இன்றும் அப்படிப் போதாத இடங்கள் இருக்கின்றன. உயர்நீதிமன்ற நீதிபதி நாற்காலிக்கு இடஒதுக்கீடு இல்லை. 128 முன்சீப்புகளின் கணக்கைச் சொல்லித் தொடங்கிய போராட்டம் மாடிப்படியிலே பாதியில்தான் நிற்கிறது. நிரந்தர உத்தியோகத்தைக் குறைத்து ஒப்பந்தக்காரரிடம் ஆள் எடுக்க விட்டால், அங்கே இனச்சுழற்சியும் இல்லை, சர்வீஸ் கமிஷனும் இல்லை. மேஸ்திரி கைகாட்டியவனுக்கு வேலை. துப்புரவுக்கு மட்டும் பழைய சாதியையே தேடிப் பிடிக்கிறார்கள்! இது 1928க்கு முந்திய காலத்திற்கு நம்மைக் கொல்லைப்புற வழியாக இழுத்துப் போகிற வேலை.

ஜமீன்தாரின் கதை தொழிலாளிக்கு எதற்கு என்ற கேள்விக்கு இப்போது விடை சொல்லலாம். நிலமும் பட்டமும் கொண்ட ஒருவர், கட்சி பலமில்லாத ஒரு மந்திரிசபையிலே, நாலு ஆண்டுக்குள்ளே ஒரு விதியை எழுதவைக்க முடிந்தது. வெளியே அதைக் கேட்டுக் குரல் கொடுத்த இயக்கம் இருந்ததால் முடிந்தது. இயக்கம் தூங்கினால் எழுதிய விதியும் ஏட்டிலே உறங்கும். ஆகவே நம் தோழர்கள் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. உங்கள் ஊர் அலுவலகத்திலே, பள்ளியிலே, மருத்துவமனையிலே காலியிடம் நிரப்பும்போது இனச்சுழற்சிப் பட்டியல் எங்கே என்று கேளுங்கள். தகவல் உரிமைச் சட்டம் 2005 முதல் கையிலே இருக்கிறது, எழுத்திலே கேளுங்கள். எந்த முறை யாருக்குப் போயிற்று, எந்த முறை தாண்டப்பட்டது, ஒப்பந்தத்திலே போனவை எத்தனை என்று கணக்குப் பாருங்கள். 1916இல் நம் முன்னோர் செய்ததும் இதுதான்: நாற்காலிகளை எண்ணினார்கள்.